வந்தோமா, போனோமா?

1995இல் போருக்கு நடுவே யாழ்ப்பாணத்து மக்கள் கூட்டமாக ஊரைவிட்டு வெளியேறிய பெரிய இடப்பெயர்வைக் கதையாக்கும்போது பலருக்கு வருகிற வரி இது: 'இனி ஒருபோதும் திரும்பப் போவதில்லை என்று தெரியாமல் அம்மா கதவைப் பூட்டினா.' நெஞ்சு கனக்கிறது, சரி. ஆனால் அம்மாவுக்கே தெரியாததைச் சொல்வது யார்? பல வருடம் கழித்து எங்கோ இருப்பவர். அந்த ஒரே வரியில் கதை அம்மாவின் கையை விட்டுப் போய்விடுகிறது. பொருத்தமும் இல்லை: அப்படி வெளியேறிய வலிகாமத்துக்காரர் (யாழ் நகரும் அதைச் சூழ்ந்த ஊர்களும்) பலர் 1996இல் திரும்பி வந்தார்கள்.

1995 ஒக்டோபர் 30 அன்று எல்லாரும் வெளியேற வேண்டும் என்று புலிகள் அறிவித்தபோது, இரண்டு மூன்று நாளில் திரும்பலாம் என்று நினைத்துக் கிளம்பியவர்கள் உண்டு. அந்த நினைப்புத்தான் கதைக்கு உயிர். ஊறப்போட்ட உளுந்தை வடித்து மூடிவைப்பதும், மாட்டை அவிழ்த்துவிடுவதா வேண்டாமா என்று கொட்டிலில் நின்று தடுமாறுவதும், திறப்பைச் சேலைத் தலைப்பில் முடிவதும் அதிலிருந்துதான் வரும்.

வானத்திலிருந்து பார்ப்பது அடுத்த தவறு. வெளியேறும் வழியில் இருந்த நாவற்குழிப் பாலத்தை நோக்கி இலட்சக்கணக்கானோர் மழையில் நெருக்கியடித்துப் போனது உண்மை. சைக்கிளை உருட்டிப் போகும் ஒருத்திக்கு அது தெரியாது. முன்னால் போகிறவரின் கரியரில் கட்டிய பாயும் அதிலிருந்து சொட்டும் தண்ணீரும் தெரியும். மகன் இன்னும் தன் சேலையைப் பிடித்திருக்கிறானா என்று கை பின்னால் போகும். சிறுவன் கதை சொன்னால் அவன் வாயில் அரசியல் விளக்கம் வேண்டாம்.

அப்புறம், தமிழுக்கே உரிய கண்ணி. 'வீட்டை விட்டு வந்தோம்' என்றால் சொல்பவர் போய்ச் சேர்ந்த இடத்தில் நிற்கிறார். 'விட்டுப் போனோம்' என்றால் மனசு இன்னும் முற்றத்தில் நிற்கிறது. ஒரே பத்தியில் இரண்டையும் கலந்தால் அவர் நிற்கும் இடமே இல்லாமல் போகும்.

இன்னும் கவனம் வேண்டியது 'நாம்'. 'நாம் எல்லாவற்றையும் இழந்தோம்' என்பது வாசிப்பவரையும் கேட்காமலே சேர்த்துக்கொள்கிறது. அதே ஒக்டோபர் 30, ஐந்து வருடத்துக்கு முன், யாழ்ப்பாண முஸ்லிம்கள் வெளியேறப் புலிகள் கொடுத்தது இரண்டு மணி நேரம். அவர்களில் ஒருவர் அந்த 'நாம்' என்ற சொல்லை எப்படி வாசிப்பார்? 'நாங்கள்' என்று எழுதுங்கள். உங்கள் கதைப் பெண் 1995இல் முஸ்லிம்கள் வாழ்ந்திருந்த சோனகத் தெருப் பக்கமாக வந்தால், அவர்கள் விட்டுப்போன வீடுகளைக் கடந்துதான் போவாள். அவற்றை அவள் திரும்பிப் பார்த்தாளா இல்லையா என்பதை முடிவு செய்துவிட்டு எழுதத் தொடங்குங்கள்.