பயத்தில் ஓடினால் தடயம் தப்பிவிடும்: உளவியல் திகில் புதிர் கேம்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

முதல் நபர் பார்வையில், அதாவது கதாபாத்திரத்தின் கண்வழியே பார்த்து ஆடும் உளவியல் திகில் கேம்களைப் பாதியில் விட்டவர்களிடம் காரணம் கேட்டால், "ரொம்ப பயமா இருந்துச்சு" என்பார்கள். கொஞ்சம் கிளறிக் கேட்டால் வேறு விஷயம் வெளியே வரும். ஏதோ ஒரு பூட்டுக்கு எண் கிடைக்கவில்லை. அதே நடைபாதையில் திரும்பத் திரும்பச் சுற்றியிருக்கிறார்கள். அலுத்துப்போய் மூடிவிட்டார்கள்.

இதற்கான காரணம் இந்த வகை கேமின் அமைப்பிலேயே இருக்கிறது. புதிரை அவிழ்க்க நின்று நிதானமாகப் பார்க்க வேண்டும். பயம் ஓடச் சொல்லும். இந்த இரண்டையும் ஒரே அறைக்குள் அடைத்துவைப்பதில்தான் வடிவமைப்பாளரின் திறமை இருக்கிறது. ஓடுகிறவர் கண்ணில் சுவரில் கிறுக்கியிருக்கும் எண் படாது, கோணலாக மாட்டியிருக்கும் படம் படாது, நின்றுபோன கடிகாரம் காட்டும் நேரம் படாது. முதன்முறை ஆடுபவர்கள் செய்யும் தவறுகளில் பெரும்பாலானவை இங்கிருந்துதான் கிளம்புகின்றன. எது நிஜ ஆபத்து, எது வெறும் மிரட்டல் என்று பிரித்துப் பார்க்கப் பழகிவிட்டால் பாதிச் சிக்கல் தீர்ந்துவிடும்.

எந்தப் புதிருக்கும் விடையை இங்கே சொல்லப்போவதில்லை. தயங்காமல் படிக்கலாம்.

எல்லாச் சத்தத்துக்கும் ஓடுவது

கதவு தானாகச் சாத்திக்கொள்ளும், மாடியில் யாரோ நடப்பார்கள், விளக்கு மினுக்கும். இவற்றில் பெரும்பகுதி உங்களை ஒன்றும் செய்யாது. குறிப்பிட்ட இடத்தில் கால் வைத்ததும் ஓடும்படி எழுதிவைத்த காட்சிகள் அவை. ஆபத்து வரும்போது கேம் பெரும்பாலும் வேறு விதமாகச் சொல்லும்: இசை மாறும், திரை ஓரம் கலங்கும், மூச்சு வாங்கும். 2010-ல் வெளியான 'அம்னீஷியா: தி டார்க் டிசென்ட்' கேமில் அரக்கன் உங்களைக் கண்டுகொண்டால் துரத்தல் இசை தொடங்கும், விட்டுவிட்டால் அடங்கும். அந்த இசை அடங்கியதைக் கவனிக்காமல் அலமாரிக்குள் ஐந்து நிமிடம் நடுங்கிக்கொண்டு நிற்பவர்கள் ஏராளம்.

அதே கேமில் மனநிலை என்று ஓர் அளவு உண்டு. இருட்டில் நின்றால் குறையும், அரக்கனை உற்றுப் பார்த்தாலும் குறையும். குறையக் குறையத் திரை வளையும், காதில் ஏதேதோ கேட்கும். அதைப் பார்த்துப் பதறி, இருக்கிற எண்ணெயையெல்லாம் லாந்தரில் ஊற்றி எரித்துவிடுவார்கள். சாதாரண நிலையில் ஆடும்போது மனநிலை பூஜ்யத்துக்குப் போனாலும் உயிர் போகாது. தரையில் விழுந்து தவழ்வீர்கள், பிறகு கொஞ்சம் தேறும். 2018-ல் சேர்த்த கடின நிலையில் மட்டும்தான் அது மரணம். அதைவிட முக்கியமான ஒன்று: புதிரில் ஒரு படி முன்னேறினால் மனநிலை மறுபடி ஏறும். பயத்துக்கு மருந்து நிதானமாக யோசிப்பதுதான் என்பதை அந்த கேம் தன் விதியாகவே எழுதிவைத்திருக்கிறது. எனக்கு இந்த வகை கேம்கள் மேல் இருக்கும் மரியாதைக்கு இது ஒரு பெரிய காரணம்.

ஆகவே புதிய அறைக்குள் நுழைந்ததும் முதலில் ஒளியவோ வெளியேறவோ இடம் எங்கே என்று பாருங்கள். பிறகு ஒரு சுவரைப் பிடித்துக்கொண்டு வலமாகவோ இடமாகவோ முழுச்சுற்று வாருங்கள். அறை நடுவில் நின்று அங்குமிங்கும் திரும்பிப் பார்ப்பவர்கள் மூலைகளைத் தவற விடுகிறார்கள். தலைக்கு மேலேயும் பாருங்கள். முதல் நபர் கேமில் யாரும் அண்ணாந்து பார்ப்பதில்லை என்பது வடிவமைப்பாளர்களுக்கு நன்றாகத் தெரியும்.

எதிரியின் விதியைப் படிக்காமல் ஆடுவது

துப்பாக்கி கேம்களில் கை பழகியவர்கள் இங்கே வந்து ஆயுதம் தேடுவார்கள். பல திகில் புதிர் கேம்களில் ஆயுதமே கிடையாது. அதற்கு ஈடாக எதிரிக்கு ஒரு விதி இருக்கும். சத்தத்துக்கு வருமா, வெளிச்சத்துக்கு வருமா, நாம் அதைப் பார்த்தால் வருமா? 2015-ல் வந்த 'சோமா'வில் ஒவ்வோர் அரக்கனுக்கும் தனித்தனி விதி. ஒன்றுக்குக் கண் தெரியாது, காலடிச் சத்தத்தைப் பிடித்துக்கொண்டு வரும். இன்னொன்றை நேருக்கு நேர் பார்த்தால் ஆபத்து. முதலாவதிடம் கற்ற பாடத்தை இரண்டாவதிடம் பயன்படுத்தினால் உயிர் போகும். அதாவது எதிரியும் ஒரு புதிர்தான்.

இதற்கு நல்ல பாடம் 'அம்னீஷியா'வில் வெள்ளம் சூழ்ந்த சுரங்கப் பகுதி. தண்ணீருக்குள் கண்ணுக்குத் தெரியாத ஏதோ ஒன்று. தெரிவதெல்லாம் அது மிதிக்கும்போது தெறிக்கும் நீர் மட்டும். முதலில் எல்லோரும் ஒரே மூச்சில் ஓடிக் கடக்கப் பார்ப்பார்கள், பிடிபடுவார்கள். ஒரு மரப்பெட்டி மேல் ஏறி நின்று கவனித்தால் மூன்று விஷயம் புரியும். பெட்டி மேல் இருப்பவரை அது தொடுவதில்லை. தண்ணீரில் ஏதாவது விழுந்தால் அந்தப் பக்கம் போகிறது. அங்கங்கே கிடக்கும் சதைத் துண்டுகளைத் தூரத்தில் வீசினால் அங்கேயே கொஞ்ச நேரம் தங்குகிறது. இவ்வளவு தெரிந்தபின் அது தாண்டும் கணக்காகிவிடுகிறது: எந்தப் பெட்டியிலிருந்து எந்தப் பெட்டிக்கு, எப்போது வீசுவது, எப்போது இறங்குவது. நெஞ்சு படபடப்பது குறையாது, ஆனால் அடுத்து என்ன செய்வது என்று தெரிந்திருக்கும்.

தோற்பதற்கு அஞ்சுவதும் இதோடு சேர்ந்த தவறு. புது எதிரியிடம் ஒருமுறை வேண்டுமென்றே மாட்டிப் பார்ப்பதில் தப்பில்லை, கடைசி சேவ் பக்கத்தில் இருந்தால். எவ்வளவு தூரம் துரத்துகிறது, கதவை மூடினால் நிற்கிறதா உடைக்கிறதா என்றெல்லாம் அப்போதுதான் தெரியும். சில கேம்களில் பிடிபடுவது தோல்வியே இல்லை. 2016-ல் வந்த 'லேயர்ஸ் ஆஃப் ஃபியர்' கேமில் பேயிடம் சிக்கினால் ஆட்டம் முடிவதில்லை, கதை நகர்கிறது. சிக்கினீர்களா தப்பினீர்களா என்பது எந்த முடிவு கிடைக்கும் என்பதில் பங்கு வகிக்கிறது.

கருவிகளும் காட்டிக்கொடுக்கும். 2014-ல் வந்த 'ஏலியன்: ஐசொலேஷன்' கேமில் நகர்வு காட்டும் கருவியின் பீப் ஒலி, அருகில் இருக்கும் ஏலியனுக்கும் கேட்கும். சேவ் ஆகும் சில நொடிகளில்கூட ஏலியன் உங்களைத் தாக்கலாம்.

படிக்காமல் தாண்டுவது, எழுதி வைக்காமல் நம்புவது

மேசை மேல் கடிதம் கிடந்தால் எடுத்து மூடிவிட்டு, "கேமின் குறிப்பேடான ஜர்னலில் இருக்குமே, பிறகு படிக்கலாம்" என்று நகர்வது வழக்கம். அந்தப் பிறகு வருவதே இல்லை. இந்த கேம்களில் கதையும் விடையும் ஒரே தாளில்தான் இருக்கும். கடிதத்தின் தேதி பெட்டகத்தின் எண்ணாகலாம். மகள் பிறந்த ஆண்டு ஒரு கல்லறையில் இருக்கும், அதைக் கேட்கும் பூட்டு இரண்டு மாடி தள்ளி இருக்கும். ஓவியங்களின் வரிசை பியானோ கட்டைகளின் வரிசையாகலாம்.

ஜர்னல் பெரும்பாலும் எடுத்த தாள்களை மட்டும்தான் சேமிக்கும். சுவர்க் கிறுக்கல், கடிகார முள், வானொலியில் கரகரப்புக்கு நடுவே சொல்லப்படும் எண்கள் அதில் ஏறாது. பக்கத்தில் ஒரு நோட்டும் பேனாவும் வைத்துக்கொள்ளுங்கள். எண்களோடு பூட்டிய கதவுகளையும் எழுதுங்கள்: எந்த மாடி, என்ன பூட்டு, என்ன அடையாளம். சாவி கிடைக்கும்போது அது எந்தக் கதவுக்கு என்பதை மறந்திருப்பீர்கள். எழுதுவதில் இன்னொரு நன்மையும் இருக்கிறது. பேனாவைக் கையில் எடுத்ததும் மூச்சு தானாகச் சீராகிறது.

இடைமுகத்தையும் அறையாகவே நினைக்க வேண்டிய சமயம் உண்டு. 2014 ஆகஸ்டில் பிளேஸ்டேஷன் 4-ல் இலவசமாக வந்த 'பி.டி.' ஒரே நடைபாதையைத் திரும்பத் திரும்பச் சுற்றவைக்கும். அதில் ஒரு கட்டத்தில் கிழிந்த புகைப்படத்தின் துண்டுகளைச் சேர்க்க வேண்டும். நடைபாதையை எவ்வளவு சலித்தாலும் ஒரு துண்டு கிடைக்காது, ஏனென்றால் அது இருப்பது ஆப்ஷன்ஸ் திரையில். எல்லா கேமிலும் இப்படி இருக்காது. ஆனால் எல்லா வழியும் அடைந்துவிட்டதாகத் தோன்றும்போது, "எதை நான் தேடும் இடமாகவே நினைக்கவில்லை?" என்று கேட்டுக்கொள்வது நல்ல பழக்கம்.

இன்னொரு சின்ன விஷயம், பொருள்களைக் கையாளும் விதம். கதவையும் இழுப்பறையையும் மவுஸால் பிடித்து இழுக்க வேண்டிய கேம்களில், அரைகுறையாக இழுத்துவிட்டு "திறக்கவில்லை" என்று போய்விடுவார்கள். பூட்டியிருந்தால் பெரும்பாலும் அதற்கென்று சத்தமோ செய்தியோ வரும். வராவிட்டால் இன்னும் பலமாக இழுத்துப் பாருங்கள். எடுக்க முடிகிற நாற்காலியும் பெட்டியும் ஏணியாகும், கதவுக்கு முட்டாகும்.

வெளிச்சத்தைப் பதுக்குவது

எண்ணெய், பேட்டரி, லைட்டர், மாத்திரை என்று ஏதாவது ஒன்று குறைவாகத்தான் தருவார்கள். "கடைசியில் தேவைப்படும்" என்று சேர்த்துச் சேர்த்து வைத்து, பாதி ஆட்டத்தை இருட்டில் தட்டுத்தடுமாறி ஆடி, கடைசியில் பை நிறைய எண்ணெயோடு முடிப்பவர்கள் அதிகம். அவர்கள் இழந்தது தடயங்களை.

நான் வைத்துக்கொள்ளும் வழி எளியது: தேடும்போது வெளிச்சம், ஒளியும்போதும் வெறுமனே நடக்கும்போதும் இருட்டு. ஏற்கெனவே அலசிய நடைபாதைக்கு எண்ணெய் செலவழிக்காதீர்கள். சுவர் விளக்கோ மெழுகுவத்தியோ ஏற்ற முடிந்தால், திரும்பி வரப்போகும் அறையில் ஏற்றுங்கள். 'அவுட்லாஸ்ட்' போன்றவற்றில் கேமராவின் இரவுப் பார்வைதான் பேட்டரியைத் தின்கிறது. நின்று காது கொடுத்துக் கேட்கும் நேரத்தில் அது எரிய வேண்டியதில்லை.

செட்டிங்ஸைத் தொடாமல் தொடங்குவது

தொடக்கத்தில் "இந்தச் சின்னம் லேசாகத் தெரியும்வரை குறைக்கவும்" என்று ஒரு திரை வரும். பயந்து ஒளியைக் கூட்டினால் வெளிச்சம் என்ற வளத்துக்கே அர்த்தம் போய்விடும். வீரம் காட்டிக் குறைத்தால் இழுப்பறையின் கைப்பிடிகூடத் தெரியாது. சொன்னபடி வையுங்கள்.

தலை சுற்றினால் பயம் என்று நினைத்துக்கொள்ளாதீர்கள், பெரும்பாலும் கேமரா அசைவுதான் காரணம். நடக்கும்போது தலை ஆடுவதையும், திரும்பும்போது படம் மங்கும் மோஷன் ப்ளரையும் அணைத்து, பார்வைக் கோணத்தைக் கொஞ்சம் அகலமாக்கினால் பலருக்குச் சரியாகிவிடும். ஹெட்ஃபோன் அவசியம், சத்தம் எந்தத் திசை என்பது இங்கே தகவல். ஆனால் மெல்லிய ஒலியைப் பிடிக்க வால்யூமை ஏற்றாதீர்கள். அடுத்து வரும் அலறலும் அதே அளவில்தான் காதில் இறங்கும். சப்டைட்டிலைப் போட்டுவிடுங்கள்.

சிக்கியதும் முழு வாக்த்ரூவையும் பார்ப்பது

வாக்த்ரூ என்பது கேமை முதலிலிருந்து கடைசிவரை ஆடிக்காட்டும் வழிகாட்டி. உதவி தேடுவதில் எந்தக் குறையும் இல்லை. எப்படித் தேடுகிறோம் என்பதில்தான் கவனம் வேண்டும். வீடியோவைப் பார்த்தால் விடைக்கு முன்னும் பின்னும் இருக்கும் காட்சிகளையும் பார்த்துவிடுவீர்கள், அவை மறுபடி உங்களைப் பயமுறுத்தாது. எழுத்தில் இருக்கும் வழிகாட்டி மேல். தேவையான ஒரு வரியைப் படித்து மூடிவிடலாம். அதற்கும் முன்னால் ஒரு இடைவெளி விட்டுப் பாருங்கள். களைத்த கண் கண்ட இடத்தையே மறுபடி பார்க்கும், மறுநாள் வந்தால் அதே அறையில் வேறொன்று தெரியும்.

எண்களை மட்டும் திருடிக்கொண்டு வருவதும் எப்போதும் பலிக்காது. 2023-ல் வந்த 'அம்னீஷியா: தி பங்கர்' கேமில் லாக்கர் எண்கள் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் மாறும். இறந்த வீரர்களின் அடையாளத் தகட்டை நீங்களே தேடிப் பிடித்துத்தான் ஆக வேண்டும்.

சேவ், கடினம், நிறுத்துவது

இடம் கிடைத்தால் இரண்டு மூன்று சேவ் வரிசைகளை மாற்றி மாற்றிப் பயன்படுத்துங்கள். துரத்தலின் நடுவில் சேவ் செய்து அதன்மேலேயே எழுதிவிட்டால் ஏற்றும்போதெல்லாம் சாவுதான். லிஃப்டில் ஏறுவதற்கு முன், பெரிய கதவைத் தாண்டுவதற்கு முன் தனியாக ஒன்று வைத்துக்கொள்ளுங்கள். திரும்ப முடியாத இடங்கள் பெரும்பாலும் இப்படித்தான் வரும்.

எளிய நிலையில் ஆடுவதை இழுக்காக நினைப்பவர்களைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். 'சோமா'வின் கதை, மனிதனை மனிதனாக்குவது எது என்ற கேள்வியைக் கையில் எடுத்துக்கொண்டு கடலடியில் நடப்பது. அரக்கர்களுக்குப் பயந்து அதைத் தவறவிட்டவர்களுக்காகவே 2017-ல் பாதுகாப்பு நிலை ஒன்றைச் சேர்த்தார்கள். அரக்கர்கள் இருப்பார்கள், ஆனால் கொல்ல மாட்டார்கள். அதில் ஆடினாலும் கதையும் புதிரும் முழுமையாகவே கிடைக்கின்றன. கிரெடிட்ஸ் ஓடத் தொடங்கியதும் வெளியேறிவிடாதீர்கள், அதற்குப் பிறகும் ஒரு காட்சி இருக்கிறது.

கடைசியாக, உளவியல் திகில் என்ற பெயருக்கு ஏற்ப இந்த கேம்கள் தற்கொலை, குழந்தையை இழப்பது, குடும்ப வன்முறை, மனநோய் என்று நிஜ வலிகளைத் தொடும். வாங்கும் முன் உள்ளடக்க எச்சரிக்கையைப் படித்துவிடுங்கள். மினுக்கும் வெளிச்சத்தால் வலிப்பு வரக்கூடியவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டும். பேய் போனபின்னும் மனசை ஒரு காட்சி அழுத்திக்கொண்டே இருந்தால் நிறுத்திவிடுங்கள். அந்த கேமை முடித்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் யாருக்கும் இல்லை.