வேலைக்குப் போகும் வழியில் அடிபட்டேன்: சொக்சோ பணம் கிடைத்த விதம்

பினாங்கின் பாயான் லெப்பாஸில் உள்ள தொழிற்சாலைக்குக் காலை ஷிப்டுக்கு மோட்டாரில் போகும்போது ஒரு கார் இடித்துத் தள்ளியது. வலது காலில் எலும்பு முறிவு. மருத்துவமனைக் கட்டிலுக்கே இடைத்தரகர் ஒருவர் வந்து, "கையெழுத்துப் போடுங்க தம்பி, இழப்பீடு நாங்க வாங்கித் தர்றோம்" என்றார். நல்லவேளை, நான் போடவில்லை.

சொக்சோ என்பது மலேசியாவில் தொழிலாளர்களுக்கான சமூகப் பாதுகாப்பு நிறுவனம். எங்கள் தொழிற்சாலை அலுவலகத்தில், "வெளியே நடந்த விபத்து, சொக்சோ கிடைக்காது" என்றார்கள். அது தவறு. வீட்டிலிருந்து வேலைக்குப் போய்வரும் வழியில் நடப்பதும் சொக்சோவில் அடங்கும். இடையில் சொந்தக் காரியத்துக்காக வழி மாறியிருக்கக் கூடாது. போலீஸ் புகாரை 24 மணி நேரத்துக்குள் செய்ய வேண்டும் என்று அக்கா சக்கர நாற்காலியில் வைத்துத் தள்ளிக்கொண்டு போனார். அந்தப் புகார், எம்சி (மருத்துவ விடுப்புச் சான்றிதழ்), வீட்டிலிருந்து வேலையிடம் வரை நான் கையால் வரைந்த வழிப்படம், இவற்றைச் சொக்சோ அலுவலகத்தில் நேரில் கொண்டுபோய்க் கொடுத்தேன். எம்சி 4 நாளாவது இருந்தால், கணக்கிட்ட தினச் சம்பளத்தில் 80 விழுக்காடு தருகிறார்கள். எனக்கும் வந்தது.

காரின் காப்புறுதி நிறுவனத்திடம் கேட்கும் இழப்பீடு இதிலிருந்து வேறு. அதற்கு வழக்குப் போட தீபகற்ப மலேசியாவில் 6 ஆண்டு அவகாசம் உண்டு. நானே தேடிப் பிடித்த வழக்கறிஞரிடம், போலீஸ் வரைந்த விபத்து வரைபடத்தோடு அந்த வழக்கை ஒப்படைத்திருக்கிறேன்.