புற்றுக்காளானை இனம் காணும்போது நேரும் தவறுகள்

மழை பெய்த சில நாளில் கறையான் புற்றைச் சுற்றி முளைப்பதை நாம் புற்றுக்காளான் என்கிறோம். 1942-இல் பிரெஞ்சு ஆய்வாளர் ரோஜர் ஹெய்ம் இந்தப் பேரினத்துக்கு வைத்த பெயர் டெர்மிடோமைசிஸ். அதற்கும் கறையான் பூஞ்சை என்றுதான் பொருள். ஆனாலும் இதை இனம் காணும்போது பலர் கறையானை மறந்துவிடுகிறார்கள்.

தரைக்கு மேலே தெரிவதை மட்டும் பறித்து வருவதுதான் பெரிய தவறு. இதன் தண்டு மண்ணுக்குள் வேர்போல நீண்டு, கறையான்கள் தின்று கழித்த தாவரப் பொருளால் கட்டிய பூஞ்சைத் தோட்டம் வரை இறங்கும். பிடுங்கினால் அந்த வேர் பாதியில் அறுந்துவிடும். மண்ணை மெதுவாகக் கிளறித்தான் எடுக்க வேண்டும். 1847-இல் ஆங்கிலேயப் பூஞ்சை ஆய்வாளர் பெர்க்லி இலங்கைப் புற்றுக்காளான் ஒன்றுக்கு வைத்த யூரைசஸ் என்ற பெயருக்கே ‘நல்ல வேருடையது’ என்றுதான் அர்த்தம். பக்கத்தில் புற்று தெரியவில்லையே என்றும் ஒதுக்க வேண்டாம், பல கூடுகள் முழுக்க மண்ணுக்கடியில்தான் இருக்கும்.

சரி, வேர் இல்லையென்றால் இந்தப் பேரினம் இல்லையா? அப்படி முடிவு கட்டுவதும் தவறு. மைக்ரோகார்ப்பஸ் என்ற குட்டிக் காளான், கறையான்கள் தோட்டத்திலிருந்து வெளியே கொண்டுவந்து போட்ட துணுக்குகளில் கூட்டமாக முளைக்கிறது. அதற்கு நீண்ட வேர் தேவையில்லை. இந்த வித்தியாசத்தை வைத்து 1945-இல் பூஞ்சை ஆய்வாளர் சிங்கர் அதற்கு போடபிரெல்லா என்று தனிப் பேரினமே அமைத்தார். டிஎன்ஏ ஆய்வுகள் அதை மறுபடி டெர்மிடோமைசிஸுக்குள்ளேயே கொண்டுவந்துவிட்டன. அளவை வைத்துப் பிரிப்பதும் உதவாது. சாம்பியாவின் டைட்டானிகஸ் இனத்தின் குடை ஒரு மீட்டர் அகலம் வரை விரியும், அதுவும் இதே பேரினம்தான்.

அடுத்தது, குடையின் அடியிலிருந்து உதிரும் வித்துத்தூளின் நிறம். குடையை வெள்ளைத்தாளில் கவிழ்த்து வைத்தால் இளஞ்சிவப்பாகப் படியும். அதற்காக இதை இளஞ்சிவப்பு வித்துள்ள புளூட்டியஸ் போன்ற காளான்களோடு ஒரே குடும்பத்தில் வைக்கக் கூடாது. இதன் இடம் லையோஃபில்லம் குடும்பம் என்று டிஎன்ஏ காட்டிவிட்டது. ஆனால் தூளை எடுத்துப் பார்க்காமல் மட்டும் இருக்காதீர்கள். பச்சையாகப் படிந்தால் அது புல்வெளிகளில் வளரும் நச்சுக்காளான் க்ளோரோஃபில்லம் மோலிப்டைட்டிஸாக இருக்கலாம். இளஞ்சிவப்பு என்றதுமே சமையலுக்கு எடுத்துவிடவும் கூடாது, வேறு காளான்களுக்கும் அந்த நிறம் உண்டு.

நம் பக்கத்தில் கிடைக்கும் பெரிய புற்றுக்காளானையெல்லாம் யூரைசஸ் என்று எழுதிவைப்பதும் நடக்கிறது. தண்டில் வளையத்தோடு இருக்கும் ஹெய்மி என்ற இனத்தை 1979-இல் நடராஜன் தென்னிந்தியாவிலிருந்து விவரித்தார். கழுவித் துடைக்கும்போது வளையம் உரிந்து போகலாம், அதனால் பறித்த இடத்திலேயே பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள்.

கைவிடப்பட்ட கூட்டில் கறுப்பு விரல்கள்போல நீட்டிக்கொண்டிருப்பது சைலேரியா, அது வேறு பூஞ்சை.

அப்புறம், காளானோடு நாலைந்து சிப்பாய்க் கறையான்களையும் பிடித்து ஆல்கஹாலில் போட்டு வையுங்கள். அவற்றின் தலையையும் தாடையையும் பார்த்துத்தான் கறையான் எந்த இனம் என்று சொல்வார்கள், காளானை இனம் காண அதுவும் ஒரு துப்பு.