கடவுச்சீட்டில் பிறந்த திகதி பிழையா? எதிலிருந்து திருத்தத் தொடங்குவது

கடவுச்சீட்டில் பிறந்த திகதி பிழையாக விழுந்துவிட்டதென்றால் உடனே பத்தரமுல்லையில் உள்ள குடிவரவு குடியகல்வுத் திணைக்களத்துக்கு பஸ் ஏற வேண்டாம். பிறப்புச் சான்றிதழ், அடையாள அட்டை, கடவுச்சீட்டு மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, பிழை முதலில் எதில் புகுந்தது என்று பாருங்கள். கடவுச்சீட்டில் விழும் திகதி மற்ற இரண்டையும் பார்த்துத்தான் எழுதப்படுகிறது. அவை தங்களுக்குள் முரண்பட்டால் கடவுச்சீட்டு விண்ணப்பம் அந்த இடத்திலேயே நின்றுவிடும்.

பிறப்புச் சான்றிதழில் முதலாவது கூட்டில் இருப்பதுதான் பிறந்த திகதி. கீழே இருப்பது பதிவு செய்த திகதி. படிவம் நிரப்பும்போது இரண்டையும் மாற்றி எழுதிவிடுவது அடிக்கடி நடப்பது. காலங்கடந்து பதிந்த பிறப்பென்றால் இரண்டுக்கும் இடையில் வருடக்கணக்கில் வித்தியாசம் இருக்கும். பழைய கையெழுத்துச் சான்றிதழில் மாதத்தை நன்றாகப் பாருங்கள். 'யூன்' என்றும் 'யூலை' என்றும் எழுதிய காலத்துப் பதிவில் மை கொஞ்சம் மங்கினாலே மாதம் மாறிப்போகும். சந்தேகமென்றால் பிரதேச செயலகத்தில் பதிவேட்டைப் பார்த்துப் புதிய பிரதி ஒன்று எடுங்கள். சான்றிதழை லமினேட் பண்ணி வைத்திருப்பவர்களுக்கும் புதிய பிரதி எடுப்பதுதான் நல்லது.

அடையாள அட்டையில் திகதி இலக்கத்துக்குள்ளேயே இருக்கிறது. பழைய அட்டையில் முதல் 2 இலக்கம் பிறந்த ஆண்டு, அடுத்த 3 அந்த ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது. பெண்களுக்கு அந்த நாளோடு 500 கூட்டியிருக்கும். 12 இலக்கப் புதிய அட்டையில் ஆண்டு 4 இலக்கமாக வரும். 1987 யூலை 14இல் பிறந்த ஆணின் பழைய அட்டை 87196 என்று தொடங்கும், பெண்ணுடையது 87696 என்று தொடங்கும். கலண்டரில் எண்ணினால் 195 வருகிறதே என்று பதற வேண்டாம். எல்லா ஆண்டுக்கும் பெப்ரவரியை 29 நாளாக வைத்தே இந்த இலக்கம் போடப்படுகிறது. மார்ச் 1ஆம் திகதியிலும் அதற்குப் பிறகும் பிறந்தவர்கள் சாதாரண ஆண்டில் ஒரு நாள் கூட்டியே பார்க்க வேண்டும்.

பிறப்புப் பதிவிலேயே பிழை இருந்தால் வேலை நீளம். பிறப்பு பதியப்பட்ட பிரிவின் பிரதேச செயலகத்தில் மேலதிக மாவட்டப் பதிவாளரிடம் போக வேண்டும். மண்முனை வடக்கில் பதிந்ததை கல்முனையில் திருத்தக் கேட்டுப் பயனில்லை. எழுத்துப் பிழையா, தகவலே பிழையா என்பதைப் பொறுத்து வழி மாறும். சிலவற்றுக்கு மாவட்ட நீதிமன்றக் கட்டளை தேவைப்படும். ஆதாரம் எவ்வளவு பழையதோ அவ்வளவுக்குப் பெறுமதி: ஆஸ்பத்திரிப் பிரசவப் பதிவு, கிளினிக் அட்டை, ஞானஸ்நானச் சான்று, முதலில் படித்த பள்ளிக்கூடத்தின் சேர்விடாப்பு (மாணவர் சேர்வுப் பதிவேடு) பிரதி. சுனாமியிலும் யுத்தத்திலும் வீட்டுக் கடதாசி எல்லாம் போன குடும்பங்களுக்குப் பல வேளை சேர்விடாப்புத்தான் கைகொடுக்கும். சமாதான நீதவான் முன் முடித்த சத்தியக் கடதாசி துணை ஆவணம் மட்டுமே. அதை மட்டும் வைத்துத் திகதியை மாற்றலாம் என்று யாராவது காசு கேட்டால் கொடுக்காதீர்கள்.

அதற்குப் பிறகுதான் அடையாள அட்டை. திருத்திய பிறப்புச் சான்றிதழோடு கிராம உத்தியோகத்தர் ஊடாக விண்ணப்பியுங்கள். திகதி மாறினால் அட்டை இலக்கமும் மாறும். அந்த இலக்கம் கடவுச்சீட்டிலும் அச்சாகிறது. அதனால் புதிய அட்டை கைக்கு வருமுன் கடவுச்சீட்டுக்குப் போனால் இரண்டாம் தடவையும் செலவழிக்க நேரும்.

கடவுச்சீட்டில் திகதியை வெட்டித் திருத்த வழியில்லை. தரவுப் பக்கத்தின் அடியில் இயந்திரம் வாசிக்கும் இரண்டு வரி இருக்கிறது. இரண்டாவது வரியில் அதே யூலை 14 பிறப்பு 870714 என்று பதிந்திருக்கும். ஆகவே புதிய கடவுச்சீட்டுத்தான் எடுக்க வேண்டும். பழைய கடவுச்சீட்டு, பிறப்புச் சான்றிதழ், அடையாள அட்டை ஆகியவற்றின் மூலமும் பிரதியும், அங்கீகரிக்கப்பட்ட ஸ்டுடியோவின் படப் பற்றுச்சீட்டு, பிழை எப்படி வந்தது என்று விளக்கும் ஒரு பக்கக் கடிதம், இவ்வளவும் கையில் இருக்கட்டும். பிறப்புச் சான்றிதழும் அட்டையும் சரியாக இருந்து கடவுச்சீட்டில் மட்டும் பிழையென்றால் இந்த ஒரு படிதான் வேலை. புதியதை வாங்கும் இடத்திலேயே திகதியையும் அட்டை இலக்கத்தையும் வாசித்துப் பாருங்கள். அச்சுப் பிழை தெரிந்தால் அங்கேயே சொல்லுங்கள்.

ஏஜென்சிக்காரர் வயதைக் கூட்டி வெளிநாட்டு வேலைக்கு அனுப்பிய பெண்கள் இந்தப் பக்கம் பலர். அவர்கள் கடிதத்தில் உள்ளதை உள்ளபடி எழுதுவதே பாதுகாப்பு. ஒரு பொய்யை மறைக்க இன்னொரு பொய்ச் சத்தியக் கடதாசி முடித்தால், 1948ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கக் குடிவரவு குடியகல்வுச் சட்டத்தில் மாட்டிக்கொள்ள நேரும். முன்பு வேலை செய்த வளைகுடா நாட்டின் கணினியில் உங்கள் கைரேகை பழைய திகதியோடு கிடக்கும். ஆகவே விசா அடிக்குமுன் திகதி மாறியதைக் கபீலுக்கு, அதாவது அங்கே உங்களுக்குப் பொறுப்பான முதலாளிக்கு, தெரிவியுங்கள். பழைய கடவுச்சீட்டின் பிரதியையும் திருத்திய பிறப்புச் சான்றிதழின் மொழிபெயர்ப்பையும் கூடவே அனுப்புங்கள். வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகப் பதிவிலும் புதிய இலக்கம் ஏறிய பிறகு டிக்கெட் எடுங்கள்.