கவன்சைட்: நிறத்தை மட்டும் பார்த்துச் செய்யும் தவறுகள்

கவன்சைட் என்ற நீலக் கனிமத்தை முதல் தடவை பார்க்கும் பலரும் சாயம் ஏற்றியிருக்கிறார்கள் என்றுதான் நினைப்பார்கள். வெள்ளை அல்லது வெளிர்மஞ்சள் நிறத்தில் இருக்கும் ஸ்டில்பைட் என்ற வேறொரு கனிமத்தின் படிகங்கள் மேல், நடுவிலிருந்து எல்லாத் திசைகளிலும் ஊசி ஊசியாக விரிந்த ஒரு நீலக் கொத்து. பெரும்பாலும் ஒரு சென்டிமீட்டர் அகலம்கூட இருக்காது. அவ்வளவு பளீரென்ற நீலம் பாறைக்குள் தானாக வருமா என்று சந்தேகம் வருவது நியாயம்தான். ஆனால் வருகிறது. இது கிடைக்கும் இடங்கள் உலகத்தில் மிகக் குறைவு. சேகரிப்பாளர்கள் விரும்பித் தேடும் நல்ல மாதிரிகள் ஏறக்குறைய எல்லாமே புனே அருகே உள்ள வாகோலி கல்குவாரிகளிலிருந்து வந்தவை.

இந்தக் கல்லை வைத்து நடக்கும் தவறுகளில் பெரும்பாலானவை ஒரே இடத்திலிருந்து கிளம்புகின்றன. நீலமாக இருக்கிறதே என்று இதையும் நீலமணி, லாபிஸ் லாசுலி வரிசையில் சேர்த்துவிடுகிறார்கள். அவற்றுக்குச் சொன்ன பலன், அவற்றுக்குச் செய்யும் சடங்கு, அவற்றைக் கழுவும் முறை எல்லாம் இதன் தலையில் வந்து விழுகிறது. இந்தக் கல் அதைத் தாங்காது.

ஆதிகாலத்துக் கல் என்று நம்புவது

ரிஷிகள் தியானத்துக்கு வைத்திருந்தார்கள், பழைய நூல்களில் மறைபொருளாகச் சொல்லப்பட்டிருக்கிறது என்றெல்லாம் விற்பனைக் குறிப்புகளில் எழுதுகிறார்கள். கவன்சைட் முதலில் கண்ணில் பட்டது 1960-களில், அமெரிக்காவின் ஓரிகான் மாநிலத்தில். புதிய கனிமம் என்று ஆராய்ச்சிக் கட்டுரையில் விவரிக்கப்பட்டது 1973-இல். கால்சியம், வனேடியம், சிலிக்கான் ஆகிய மூன்று தனிமங்களும் இருப்பதால் அவற்றின் முதல் எழுத்துகளைச் சேர்த்துப் பெயர் வைத்தார்கள். வாகோலி மாதிரிகள் ஏராளமாக வெளிவந்து உலகச் சந்தையைத் தொட்டது 1980-களின் இறுதியில். அதாவது இதற்குச் சொல்லப்படும் ஆன்மிகப் பொருள் முழுவதும் சில பத்தாண்டுகளுக்கு உட்பட்டது.

நம்பிக்கை புதிதாக இருப்பது ஒன்றும் குற்றமில்லை. அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தால் ஒருவருக்கு மனம் அடங்குகிறது என்றால், அதற்கு ஆயிரம் வருடச் சான்று தேவையில்லை. சான்று இருப்பதாகச் சொல்லி விலையை ஏற்றுவதுதான் பிரச்சினை.

கல்லின் வயதைப் பற்றிப் பேச வேண்டுமானால், அது வேறு கணக்கு. தக்காணத்தில் சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் எரிமலைக்குழம்பு அடுக்கடுக்காகப் பரவி உறைந்தது. அந்தக் கரும்பாறையின் குழிகளிலும் வெடிப்புகளிலும் பின்னாளில் கனிமக் கரைசல்கள் புகுந்து, ஸ்டில்பைட், ஹியூலாண்டைட், கால்சைட் போன்றவற்றைப் படியவிட்டன. கவன்சைட்டும் அந்தக் கூட்டத்தில் ஒன்று. ஒரே குவாரியில் ஸ்டில்பைட் கொட்டிக் கிடக்கும்; கவன்சைட் அங்கங்கே மட்டும் எட்டிப் பார்க்கும். வனேடியம் போதிய அளவு வந்து சேர்ந்த இடத்தில்தான் அது வளர முடியும்.

நீலமணிக்கு மாற்றாக அணிவது

நவரத்தினங்களில் சனிக்கு உரியதாகச் சொல்லப்படும் நீலம் என்பது கொரண்டம் என்ற கனிமம். 1 முதல் 10 வரை போகும் மோஸ் கடினத்தன்மை அளவில் அதற்கு 9. கவன்சைட்டுக்கு 3 முதல் 4 வரை. ஒரு சாதாரணக் கத்தி முனைகூட இதைக் கீறிவிடும். மோதிரத்தில் பதித்தால் சில நாளில் ஊசிகள் உதிர்ந்து, அடியில் இருக்கும் வெள்ளைப் பாறைதான் மிஞ்சும். நீலத்துக்குப் பதிலாக உபரத்தினம், அதாவது மாற்றுக் கல், சொல்லும் வழக்கம் உண்டு. 1960-களில் அகப்பட்ட கல் அந்தப் பட்டியலில் இருக்க வழியே இல்லை. இந்த மரபை நம்புகிறவர்கள்தான் இதில் முதலில் எச்சரிக்கையாக இருக்க வேண்டும்.

நீலம் எல்லாம் ஒரே நீலம் என்று நினைப்பது

நிறம் ஒன்றாக இருந்தால் சக்தியும் ஒன்று என்பது படிக வைத்தியத்தில் அடிக்கடி கேட்கும் வாதம். நிறம் எங்கிருந்து வருகிறது என்று பார்த்தால் அது நிற்காது. நீலமணியின் நீலத்துக்குக் காரணம் மிகச் சிறிய அளவில் கலந்த இரும்பும் டைட்டானியமும். லாபிஸின் நீலம் கந்தக அணுக்கள் மூன்று மூன்றாகச் சேர்ந்து நிற்பதால் வருவது. அசுரைட் என்ற நீலக் கனிமத்தில் அது தாமிரத்தின் வேலை. கவன்சைட்டில் வனேடியம் ஓர் ஆக்சிஜன் அணுவோடு நெருங்கிப் பிணைந்து, ஒளியின் சிவப்புப் பக்கத்தை விழுங்கிவிட்டு நீலத்தை விடுகிறது. கலந்துபோன மாசு கொடுத்த நிறம் அல்ல இது. வனேடியத்தை எடுத்துவிட்டால் நிறம் மட்டுமில்லை, கவன்சைட்டே இல்லை.

இன்னொரு வேடிக்கை. தனி ஊசி ஒன்றைத் துருவமுனைப்பு நுண்ணோக்கியில் வைத்துத் திருப்பினால் ஒரு திசையில் அடர்நீலம் தெரியும், வேறு திசையில் நிறமே இல்லாததுபோல் வெளிறிவிடும். கொத்தாகப் பார்க்கும்போது ஊசிகள் எல்லாத் திசைகளிலும் நிற்பதால் இது கண்ணில் படுவதில்லை.

சக்கரங்களுக்கு நிறம் வைத்துக் கல்லைப் பொருத்துவதும் இதே வகைதான். தொண்டைக்கு நீலம், புருவமத்திக்குக் கருநீலம் என்று வானவில் வரிசையில் பிரிப்பதை நம் பழைய முறை என்றே பலரும் எடுத்துக்கொள்கிறார்கள். அந்த வரிசை 20-ஆம் நூற்றாண்டில் மேற்கில் உருவாகிப் பரவியது. 16-ஆம் நூற்றாண்டில் பூர்ணானந்தர் சக்கரங்களைப் பற்றி எழுதிய சட்சக்ர நிரூபணம் என்ற நூலில், புருவமத்தியின் ஆக்ஞை சந்திரனைப் போல வெண்மையானது. தொண்டையின் விசுத்தி புகை படிந்த ஊதா. கவன்சைட்டை ஆக்ஞைக்கு உரிய கல் என்று சொல்பவர்கள் எந்த மரபிலிருந்து சொல்கிறார்கள் என்று ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள். சிலர் நேர்மையாகப் புதிய முறை என்றே சொல்வார்கள். அவர்களோடு பேசலாம்.

"அறிவியலே சொல்லிவிட்டது" என்ற பேச்சு

இதில் கொஞ்சம் உண்மை கலந்திருப்பதால்தான் ஆபத்து. வனேடியச் சேர்மங்கள் சில, இன்சுலின் போலச் செயல்படுகின்றனவா என்று நீரிழிவு ஆராய்ச்சியில் பார்த்திருக்கிறார்கள். வனேடைல் சல்பேட் என்ற வனேடிய உப்பை மனிதர்களுக்கு மாத்திரையாகக் கொடுத்துச் சிறிய அளவில் சோதித்ததும் உண்டு. வயிற்றுக் கோளாறு பக்க விளைவாக வந்தது. அது மருந்தாக நிலைபெறவில்லை. இதைப் பிடித்துக்கொண்டு, கவன்சைட்டைக் கையில் வைத்திருந்தால் சர்க்கரை குறையும் என்று ஒரு தாவு தாவுகிறார்கள். கரையும் உப்பு ஒன்று, சிலிக்கேட் சட்டத்துக்குள் இறுகிய வனேடியம் வேறொன்று. தோலில் வைத்தால் எதுவும் உள்ளே போகாது. சர்க்கரை மாத்திரையை நிறுத்திவிட்டுக் கல்லை நம்புவது வேண்டவே வேண்டாம்.

கல்லைத் தண்ணீரில் ஊறப்போட்டு அந்தத் தண்ணீரைக் குடிப்பதும் அப்படித்தான். ஊசிகள் நொறுங்கக் கூடியவை. துணுக்குகள் தண்ணீரில் இறங்கும். குவாரித் தூசி, ஒட்டப் பயன்படுத்திய பசை எல்லாம் கூடவே வரும். குடிக்க வேண்டிய அவசியம் என்ன?

உப்பு, சந்தனம், விளக்கு

அதிகமான கவன்சைட் கெட்டுப்போவது இங்கேதான், அதுவும் அக்கறையால். கல்லின் பழைய பதிவுகளைக் கழிக்க உப்புத் தண்ணீரில் ஓர் இரவு வைக்கச் சொல்வார்கள். ஸ்படிகத்துக்கு அதனால் ஒன்றும் ஆகாது. கவன்சைட் கொத்தில் உப்புக் கரைசல் ஊசிகளின் அடிவரை இறங்கி, காயும்போது அங்கேயே படிகமாகி, ஊசிகளை நெம்பும். வெளுத்த ஒரு பூச்சும் மிஞ்சும். தேய்த்து எடுக்கவும் முடியாது, தேய்த்தால் ஊசி போகும்.

பூஜை அறையில் வைக்கிறவர்கள் சந்தனமும் குங்குமமும் வைப்பார்கள். ஒரு முறை வைத்தால் போதும், அந்தச் சந்தனம் கடைசிவரை அங்கேயே இருக்கும். எண்ணெய்ப் புகையும் அப்படியே. வைக்க வேண்டுமென்றால் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்து, பொட்டைப் பெட்டிக்கு வையுங்கள். விளக்குச் சுடருக்கு நெருக்கமாகவும் வைக்காதீர்கள். கவன்சைட்டின் கட்டமைப்பு, சியோலைட்டுகள் என்ற கனிம வகையைப் போல, நுண்ணிய துளைகள் கொண்டது; அந்தத் துளைகளில் நீர் மூலக்கூறுகள் உட்கார்ந்திருக்கின்றன. சூடு ஏற ஏற நீர் படிப்படியாக வெளியேறி, சட்டமே சுருங்கத் தொடங்கும்.

எலுமிச்சைச் சாறு, வினிகர் விஷயத்தில் இன்னும் கவனம். அடிப்பாறையில் கால்சைட் இருந்தால் அமிலம் அதைத்தான் முதலில் தின்னும். மேலே உட்கார்ந்திருந்த நீலக் கொத்து பிடிமானம் இல்லாமல் கழன்று விழும். தூசிக்குக் கேமரா லென்ஸ் துடைக்கும்போது பயன்படுத்துகிற ரப்பர் காற்று ஊதி போதும். பஞ்சில் சுற்றி வைப்பது பத்திரம் என்று தோன்றும். பஞ்சு நார் ஊசிகளில் மாட்டிக்கொண்டு, எடுக்கும்போது முனைகளையும் சேர்த்து இழுக்கும். பாறையின் அடிப்பாகத்தை மட்டும் பெட்டியின் தளத்தில் களிமண் போல மென்மையான ஒட்டுமாவால் நிறுத்தி, படிகத்தை எதுவும் தொடாமல் பார்த்துக்கொண்டால் சரி.

வாங்கும்போது

கவன்சைட் போலிகளில் சாயக்கல்லைவிட ஒட்டுக்கல்தான் அதிகம் தொல்லை. உதிர்ந்த அசல் கொத்து ஒன்று, அழகான அசல் ஸ்டில்பைட் ஒன்று, நடுவில் பசை. இரண்டும் நிஜம், சேர்க்கை மட்டும் பொய். பத்து மடங்கு பெருக்கும் லென்ஸில் கொத்தின் அடியைப் பாருங்கள். கூடவே வளர்ந்ததாக இருந்தால் வெள்ளைப் படிகங்கள் நீல ஊசிகளுக்குள் புகுந்தும், சில இடங்களில் அவற்றை மூடியும் இருக்கும். நெற்றியில் ஒட்டிய ஸ்டிக்கர் பொட்டுப்போலக் கொத்து தனியாகத் தெரிந்தால் யோசிக்க வேண்டும். பசைகள் பல, புற ஊதா டார்ச் வெளிச்சத்தில் வெளிறி ஒளிரும். ஆனால் கால்சைட்டும் சில சமயம் ஒளிரும் என்பதால், ஒளி கொத்தின் விளிம்பை ஒட்டி மட்டும் வருகிறதா என்று பார்க்க வேண்டும். உடைந்ததை ஒட்டி, ஒட்டியது என்று சொல்லி விற்பது ஏமாற்று அல்ல.

வழவழவென்று உருட்டிய மணிகளைக் கோத்து, கவன்சைட் மாலை என்று யாராவது நீட்டினால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். இவ்வளவு சிறிய, நொறுங்கும் படிகத்தில் மாலை மாலையாக மணி கடைய முடியாது.

பென்டகோனைட் என்ற பெயரிலும் கவனம் தேவை. அதே வேதிச் சேர்க்கை, அணுக்கள் அடுக்கப்பட்ட விதம் மட்டும் வேறு. ஓரிகானில் இரண்டையும் சேர்த்தே கண்டறிந்தார்கள். வாகோலியிலும் இரண்டும் உண்டு. பென்டகோனைட் அரிது என்பதால் சாதாரணக் கவன்சைட்டுக்கே அந்தப் பெயர் சூட்டுவதுண்டு. பென்டகோனைட் படிகங்கள் ஒன்றோடொன்று இணைந்து வளர்வதால் ஐந்து முனை நட்சத்திரக் குறுக்குவெட்டு காட்டும். நீளமாக, இடைவெளி விட்டு, கத்தி முனைகளாக நிற்கும். கவன்சைட் பெரும்பாலும் நெருக்கமான உருண்டை. கண்ணால் சொல்வது யூகம்தான். உறுதியாகத் தெரிய அணுக்களின் அடுக்கைக் காட்டும் எக்ஸ்ரே விளிம்பு விளைவுச் சோதனையோ ராமன் நிறமாலைச் சோதனையோ வேண்டும்; அது இல்லாமல் பென்டகோனைட் விலை கேட்டால் கொடுக்காதீர்கள்.

அப்புறம், நேரே குவாரிக்கே போய்ப் பொறுக்கலாம் என்ற ஆசை. வாகோலியில் இருப்பவை கட்டுமான ஜல்லிக்காக வெடிவைத்துப் பாறை எடுக்கும் இடங்கள். அனுமதி இல்லாமல் உள்ளே போவது உயிரோடு விளையாடுவது.

வாங்கிய பிறகு செய்யும் தவறு ஒன்று பாக்கி இருக்கிறது: கூட வந்த சீட்டைத் தொலைப்பது. எந்தக் குவாரி, எந்த ஆண்டு, யாரிடமிருந்து என்று எழுதிய துண்டுத்தாள் இல்லாவிட்டால், அறிவியலுக்கு அந்த மாதிரி பாதிக்குமேல் பயனற்றது. எழுத்து மங்கிவிட்டது என்று புதிதாக எழுதினாலும் பழையதை எறியாமல் பெட்டியின் அடியில் மடித்து வையுங்கள்.