பார்வையற்ற இசைக் கலைஞரை மேடைக்கு அழைக்கும்போது நாம் செய்யும் தவறுகள்

பார்வையற்ற பாடகர் ஒருவரைக் கச்சேரிக்கு அழைக்கலாம் என்று பேச்சு எழுந்தவுடன் ஏற்பாட்டாளர்கள் கேட்கும் முதல் கேள்வி பெரும்பாலும் இதுதான்: "கூட யாரு வருவாங்க?" அவர் என்ன பாடுவார், எந்தப் பாணி, பக்கவாத்தியத்துக்கு யார் பொருத்தம் என்பதெல்லாம் அதற்குப் பிறகுதான். கெட்ட எண்ணத்தில் யாரும் இப்படிக் கேட்பதில்லை. நல்ல மனசோடு செய்யப்படுகிற தவறுகள் என்பதால்தான் இவற்றைச் சுட்டிக்காட்டவும் யாருக்கும் வாய் வருவதில்லை. ஒரு பார்வையற்ற இசைக் கலைஞரின் தொழிலுக்குக் குறுக்கே நிற்பது கண்ணைவிட இந்தப் பழக்கங்கள்தான் என்பது என் எண்ணம்.

வரவேற்புரையில் தவறாமல் வரும் வசனத்திலிருந்து தொடங்கலாம். "ஆண்டவன் கண்ணை எடுத்துக்கொண்டான், காதைக் கொடுத்துவிட்டான்." கைதட்டல் வாங்கும் வசனம்தான். ஆனால் அந்த மனிதர் இருபது வருஷம் விடிகாலையில் உட்கார்ந்து செய்த சாதகத்தை, அதாவது பயிற்சியை, ஒரே வரியில் துடைத்துவிடுகிறது. மிகச் சிறு வயதிலேயே பார்வை இழந்தவர்கள் சுருதியின் நுண்ணிய வேறுபாடுகளைக் கூர்மையாகப் பிரித்தறிவதாக ஆய்வுகள் சொல்வது உண்மை. அதற்காகக் காது கூர்மையான எல்லோரும் வித்வான் ஆகிவிடுவதில்லை. வயலின் மேதை எம். சந்திரசேகரன் குழந்தைப் பருவத்திலேயே பார்வையை இழந்தவர். அவருக்கு வில் பிடிக்கக் கற்றுக்கொடுத்தவர் அம்மா சாருபாலா மோகன். 2005இல் சங்கீத கலாநிதி விருது வந்ததற்குப் பின்னால் இருப்பது அந்தப் பயிற்சி.

அமெரிக்கப் பாடகர் ஸ்டீவி ஒண்டர் கதையையும் இப்படித்தான் பாதியோடு நிறுத்திவிடுகிறோம். 1950இல் மிச்சிகனில் குறைமாதக் குழந்தையாகப் பிறந்தார். இன்குபேட்டரில் ஆக்சிஜன் அதிகமானதில் விழித்திரை பாதித்துப் பார்வை போனது. 11 வயதில் மோடவுன் இசைத்தட்டு நிறுவனத்தோடு ஒப்பந்தம். 13 வயதில் அமெரிக்க பில்போர்டு பாட்டுப் பட்டியலில் முதலிடம். அதிசயக் குழந்தை, முடிந்தது கதை. எனக்குப் பிடித்த பகுதி அதற்குப் பிறகு வருகிறது. 1971இல் 21 வயது நிறைந்ததும் பழைய ஒப்பந்தம் முடிந்தது. உடனே கையெழுத்துப் போட்டுவிடாமல் உட்கார்ந்து பேரம் பேசி, கூடுதல் ராயல்டியையும், எந்தப் பாட்டை எப்படிப் பதிவுசெய்வது என்ற முழு உரிமையையும் வாங்கினார். அப்போது புதிதாக இருந்த சிந்தசைசர் என்ற மின்னணு வாத்தியத்தோடு ஸ்டூடியோவில் நாள்கணக்கில் கிடந்தார். அந்த உழைப்பில் வந்த மூன்று ஆல்பங்களுக்கு 1974, 1975, 1977 ஆண்டுகளில் 'ஆண்டின் சிறந்த ஆல்பம்' கிராமி கிடைத்தது. நல்ல வியாபாரி, நல்ல தயாரிப்பாளர், நல்ல உழைப்பாளி. இவற்றில் எதையும் 'கடவுள் கொடுத்த காது' விளக்காது.

போஸ்டரிலும் இதே சங்கதிதான். "ஊனத்தை வென்ற உன்னதக் குரல்" என்று பெரிய எழுத்திலும், ராகத்தையும் பக்கவாத்தியக்காரர்களையும் பொடி எழுத்திலும் போடுவது. கும்பகோணம் சரப சாஸ்திரியை நினைத்துப் பாருங்கள். இரண்டு வயதில் பார்வை போனவர்; 1904இல், முப்பத்திரண்டு வயதுக்குள் இறந்துபோனார். அதற்குள் புல்லாங்குழலைக் கர்நாடக இசைக் கச்சேரியின் நடுநாயக வாத்தியமாக உட்கார வைத்துவிட்டார். பல்லடம் சஞ்சீவ ராவ் அவருடைய சீடர். அங்கிருந்து நீள்கிறது ஒரு பெரிய குழல் பரம்பரை. அவரை 'கண் தெரியாமலே குழல் ஊதியவர்' என்று மட்டும் அறிமுகப்படுத்தினால் குழலின் வரலாறே போய்விடும். மாற்றுத்திறனாளிகளைப் பரிதாபத்துக்கோ கேலிக்கோ உரியவர்களாகக் காட்டக்கூடாது என்று திரைத்துறைக்கு 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றமே வழிகாட்டுதல்கள் சொன்னது. போஸ்டர் அடிப்பவர்களும் அதைக் கொஞ்சம் படிக்கலாம்.

இனி மேடை. தவறுகள் அதிகம் நடப்பது இங்கேதான்.

கலைஞர் காரிலிருந்து இறங்கியதும் இரண்டு பேர் ஓடிவந்து ஆளுக்கொரு கையைப் பிடித்துக்கொண்டு தள்ளிக்கொண்டே போவார்கள். வேண்டாம். "என் கையைப் பிடிச்சுக்கிறீங்களா சார்?" என்று கேட்டுவிட்டு முழங்கையை நீட்டுங்கள், அவர் பிடித்துக்கொள்வார். நீங்கள் அரை அடி முன்னால் நடந்தால் போதும், படி ஏறுவதும் திரும்புவதும் உங்கள் உடல் அசைவிலிருந்தே அவருக்குத் தெரிந்துவிடும். "நாலு படி, கைப்பிடி இல்லை, மேலே போனதும் வலது பக்கம் ஒயர் கிடக்கு" என்று வாயாலும் சொல்லுங்கள். ஒயரை டேப் போட்டு ஒட்டிவிட்டால் இன்னும் நல்லது. கண் தெரிந்தவர்களும்தான் அதில் தடுக்கி விழுகிறார்கள்.

உட்கார வைப்பதென்றால் தோளைப் பிடித்து அமுக்குவது இல்லை. நாற்காலியின் முதுகிலோ மேடையில் விரித்த ஜமக்காளத்தின் ஓரத்திலோ அவர் கையை வைத்துக் காட்டினால் மிச்சத்தை அவரே பார்த்துக்கொள்வார். மைக் எங்கே, தண்ணீர் டம்ளர் எந்தப் பக்கம், சுருதிப் பெட்டி எங்கே, வயலின் எவ்வளவு தள்ளி என்பதை ஒருமுறை தொட்டுக் காட்டிச் சொல்லுங்கள். சொன்ன பிறகு எதையும் நகர்த்தாதீர்கள். ஒலி அமைப்பாளர் கச்சேரி நடுவில் சத்தமில்லாமல் வந்து மைக்கை இரண்டு அங்குலம் தள்ளி வைத்துவிட்டுப் போவார். அடுத்த பாட்டில் பாடகரின் உதடு மைக்கில் இடிக்கும். வரும்போது ஒரு குரல் கொடுத்தால் தீர்ந்தது.

நம் மேடைகள் சைகையால் ஓடுபவை. செயலாளர் ஓரத்தில் நின்று மணிக்கட்டைத் தட்டிக் காட்டுவார். ரசிகர் சீட்டு எழுதி அனுப்புவார். கலைஞர் பக்கம் திருப்பி வைத்த மானிட்டர் ஸ்பீக்கரில் சத்தம் போதுமா என்று கட்டைவிரலால் கேட்பார்கள். சினிமா ஒலிப்பதிவில் இசை நடத்துநரின் கைதான் எல்லாம். பார்வையற்ற கலைஞருக்கு இவை ஒன்றுகூடப் போய்ச் சேராது. பிறகு "நேரத்தை மீறிட்டார்" என்று குறைபட்டுக்கொள்வோம். மாற்று ஏற்பாடு பெரிய வித்தை இல்லை. நேரம் முடியப்போகிறது என்றால் பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவே வயலின்காரர் காதோடு சொல்லலாம். சீட்டை ஒருவர் படித்துக் காட்டலாம். ஸ்டூடியோவில் ஹெட்போனில் எண்ணிக்கை கொடுக்கலாம். தாளவாத்தியம் தனியாக வாசிக்கும் தனி ஆவர்த்தனத்தை எப்போது விடுவது என்பதைப் பழகிய பக்கவாத்தியக்காரர்கள் ஒருவர் மூச்சை ஒருவர் கேட்டே முடிவு செய்துகொள்வார்கள். பழகாதவர்கள் என்றால் கச்சேரிக்கு முன்பே பத்து நிமிடம் சேர்ந்து உட்கார நேரம் கொடுங்கள். ரசிகர்களுக்கும் ஒரு வார்த்தை: நீங்கள் தலையாட்டுவது அவருக்குத் தெரியாது. 'சபாஷ்' வாய்விட்டு வரட்டும்.

பொன்னாடைப் படலம் தனிக் கொடுமை. பின்னாலிருந்து திடீரென்று தோளில் ஒரு சால்வை விழும். யாரோ கையைப் பிடித்து இழுத்து ஒரு கண்ணாடிப் பெட்டியைத் திணிப்பார்கள். "இங்க பாருங்க சார், இங்க" என்று போட்டோகிராபர் கத்துவார், எங்கே என்று சொல்லாமல். பிறகு எல்லோரும் சாப்பாட்டுப் பக்கம் போய்விட, கலைஞர் மட்டும் யாரோ பக்கத்தில் இருப்பதாக நினைத்துப் பேசிக்கொண்டிருப்பார். "உங்க இடது பக்கம் தலைவர் நிக்கிறார், பொன்னாடை போர்த்தப் போறார்" என்று தொகுப்பாளர் மெதுவாகச் சொல்லலாம். கிளம்புபவர் "நான் போய்ட்டு வரேன்" என்று சொல்லிவிட்டுப் போகலாம்.

'பார்வையற்றவர்' என்றாலே முழு இருட்டு என்று நினைப்பதும் தவறு. பலருக்குக் கொஞ்சம் பார்வை உண்டு. சிலருக்கு வெளிச்சம் தெரியும், சிலருக்கு நேரே தெரியாமல் ஓரம் மட்டும் தெரியும். நல்ல வெளிச்சத்தில் தானாக நடந்து வந்தவர், மேடை விளக்கு முகத்தில் அடித்ததும் ஒன்றுமே தெரியாமல் நிற்பார். உடனே "கண் தெரியும்போல, நடிக்கிறார்" என்று முணுமுணுப்பு கிளம்பும். விழப்போன மைக் ஸ்டாண்டை ஸ்டீவி ஒண்டர் பிடித்த ஒரு வீடியோவை வைத்துக்கொண்டு அவருக்குப் பார்வை இருக்கிறது என்று இன்றைக்கும் வாதாடுகிற கூட்டம் உண்டு. விளக்கு எப்படி வேண்டும் என்று கலைஞரிடமே கேட்டுவிடுங்கள்.

அடுத்தது எழுத்து. பாட்டு வரிகளை நோட்டில் எழுதி போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்புவது, ஒப்பந்தத்தை ஸ்கேன் செய்து பிடிஎஃப்பாக அனுப்புவது. திரையில் இருப்பதைக் குரலில் படித்துக் காட்டும் திரைவாசிப்பான்கள், போனில் இருக்கும் டாக்பேக்கோ வாய்ஸ்ஓவரோ கணினியில் என்விடிஏவோ, எழுத்தை எழுத்தாகக் கொடுத்தால் ஒழுங்காக வாசிக்கும். படத்தைக் கொடுத்தால் தடுமாறும். தமிழில் இன்னொரு தொல்லையும் உண்டு. பாமினி போன்ற பழைய எழுத்துருவில் தட்டிய கோப்பு நம் கண்ணுக்குத் தமிழாகத் தெரியும். திரைவாசிப்பானுக்கோ ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியும் கலந்த குப்பை. தியாகராஜர் கிருதியின் சாகித்தியத்தை அப்படிக் கேட்டுப் பார்த்தால்தான் அந்த அவஸ்தை புரியும். யூனிகோடில் தட்டி அனுப்புங்கள். முடியாவிட்டால் வரிகளைப் படித்துக் குரல் பதிவாக அனுப்புங்கள்.

இசைக் கல்லூரிகளுக்கும் இது பொருந்தும். கர்நாடக இசை செவிவழிப் பாடம்தானே, புத்தகம் எதற்கு என்று விட்டுவிடுகிறார்கள். குரு பாடிக் காட்டும் பாடாந்தரம் காது வழியே வந்துவிடும். தேர்வுக்கான கோட்பாட்டுத் தாள் வராது. லூயி பிரெய்ல் தானே ஓர் ஆர்கன் கலைஞர். 1829இல் அவர் தன் புள்ளி எழுத்து முறையை முதன்முதலில் நூலாக வெளியிட்டபோதே அதில் இசைக் குறியீடும் சேர்ந்திருந்தது.

புத்தகத்தைப் பிரெய்லாகவோ ஒலியாகவோ மாற்றினால் காப்புரிமைச் சிக்கல் வரும் என்பது அடிக்கடி கேட்கும் சாக்கு. 2012 திருத்தத்திலேயே இந்தியக் காப்புரிமைச் சட்டம் இதற்கு வழி விட்டுவிட்டது. உலக அளவிலும் இந்தக் கதவைத் தட்டியவர்களில் ஸ்டீவி ஒண்டர் ஒருவர். 2009இல் ஐ.நா.வின் அமைதித் தூதர் ஆனார். மறு ஆண்டு ஜெனீவாவில் உலக அறிவுசார் சொத்துரிமை அமைப்பின் கூட்டத்தில் நாடுகளின் பிரதிநிதிகள் முன் நின்று, பார்வையற்றோர் படிக்கக்கூடிய வடிவில் நூல்களை மாற்ற வழிவிடும் ஒப்பந்தத்தை இழுத்தடிக்காமல் முடியுங்கள் என்று கேட்டுக்கொண்டார். 2013 ஜூனில் மொரோக்கோவின் மராகேஷ் நகரில் ஒப்பந்தம் நிறைவேறியது. ஒப்பந்தம் முடிந்தால் வருவேன் என்று சொன்ன சொல்லைக் காப்பாற்றி, அங்கே போய்ப் பாடினார். அதை முதலில் ஏற்று உறுதிசெய்த நாடு இந்தியா, 2014இல். எழுத்தோடு இசைக் குறியீடும் அந்த ஒப்பந்தத்துக்குள் வருகிறது என்பதை நம் ஸ்வரப் புத்தகப் பதிப்பாளர்கள் கவனித்ததாகத் தெரியவில்லை.

கருவிகள் விஷயத்தில் செய்யும் தவறு, இவர்களுக்காகச் செய்வது தனிச் செலவு என்று நினைப்பது. அமெரிக்கக் கண்டுபிடிப்பாளர் ரே கர்ஸ்வைல் 1976இல் உருவாக்கிய, அச்சிட்டதைக் குரலில் படித்துக் காட்டும் வாசிப்பு இயந்திரத்தை முதலில் வாங்கியவர்களில் ஸ்டீவி ஒண்டரும் ஒருவர். அந்தப் பழக்கத்தில் நடந்த பேச்சிலிருந்துதான் கர்ஸ்வைலின் இசைக்கருவி நிறுவனம் பிறந்தது. 1984இல் அது கொண்டுவந்த கே250 கீபோர்டைக் கண் தெரிந்தவர்கள்தான் அதிகம் வாசித்தார்கள். இன்றைக்கு ரீப்பர் என்ற ஒலிப்பதிவு மென்பொருளோடு ஒசாரா என்ற இலவச இணைப்பைப் போட்டுக்கொண்டு பார்வையற்றவர்கள் தாங்களே பதிவும் மிக்ஸிங்கும் செய்கிறார்கள். அப்படிப்பட்ட ஒருவரிடம் வெறும் தொடுதிரை மட்டுமே உள்ள ஒலி மிக்சரைக் கொடுத்துவிட்டு "இவருக்கு வேலை தெரியல" என்றால் குறை யாருடையது?

"திறமையான ஆள் கிடைக்கலியே" என்ற பதிலுக்கு அமெரிக்காவில் ஒரு நல்ல எதிர்வினை வந்தது. பார்வைக் குறைபாடு உள்ள பாடகி லாச்சி, சக்கர நாற்காலியில் இருந்தபடி வயலின் வாசிக்கும் கேலின் லீ முதலியோர் சேர்ந்து 2022 ஜனவரியில் 'ராம்ப்ட்' என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். நிதி திரட்டும் அறக்கட்டளை இல்லை. மாற்றுத்திறனாளி இசைத் தொழில்முறையாளர்களைத் தகுதி பார்த்துச் சேர்க்கும் சங்கம். ஆள் வேண்டுமா, இதோ பட்டியல் என்று நீட்டிவிடலாம். கிராமி விழாவில் சைகை மொழி, மேடைச் சரிவுப்பாதை போன்ற ஏற்பாடுகளுக்கும் அவர்கள் பின்னின்று உழைத்தார்கள்.

நம் ஊரில் பட்டியல் கேட்டு போன் வருவது நவம்பர் கடைசியில். டிசம்பர் 3 மாற்றுத்திறனாளிகள் தினம். அன்றைக்கு மேடை உண்டு, மாலை உண்டு. இரண்டு வாரம் கழித்து மார்கழி சீசன் தொடங்கும்போது அதே கலைஞர் பார்வையாளர் வரிசையில் இருப்பார். டிசம்பர் 3இல் நன்றாகப் பாடியவர் என்றால் டிசம்பர் 20 மாலைக் கச்சேரிக்கும் அவரைக் கேளுங்கள்.

சன்மானத்தில் 'வாய்ப்பு கொடுத்திருக்கோம்' என்ற பேச்சு வேண்டாம். அந்த நேரத்துக்கு அந்தத் தரத்தில் மற்றவருக்கு என்ன தருவீர்களோ அதுதான். துணைக்கு ஒருவர் வந்தால் அவருடைய பயணச் செலவைக் கலைஞரின் தொகையில் கழிக்காதீர்கள். தனியாக வருகிறேன் என்றால் துணை கேட்டு வற்புறுத்தவும் வேண்டாம். தேதி, தொகை, பாட்டு எல்லாவற்றையும் கலைஞரிடமே பேசுங்கள், பக்கத்தில் நிற்கும் தம்பியிடம் அல்ல. கடைசியில் கவரை அவர் கையிலேயே கொடுத்து, காசோலையா ரொக்கமா, எவ்வளவு, எந்தத் தேதி போட்டிருக்கிறது என்று அவர் காதில் விழும்படி சொல்லிவிடுங்கள்.