கௌபாய் கதை எழுதுவோரும் வரைவோரும் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சிவகாசியிலிருந்து வெளிவரும் லயன், முத்து காமிக்ஸ் இதழ்களின் வழியே டெக்ஸ் வில்லரும், கேப்டன் டைகரும், லக்கி லூக்கும் தமிழ் வாசகர்கள் பலருக்கு வீட்டு மனிதர்களாகவே ஆகிவிட்டார்கள். அந்த வாசிப்பு தந்த உந்துதலில் தாமே ஒரு வன்மேற்குக் கதையை, அதாவது பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்க மேற்குப் பகுதியின் கதையை, எழுதிப் பார்க்க வேண்டும், வரைந்து பார்க்க வேண்டும் என்று ஆசைப்படுவோரும் இருக்கிறார்கள். மிக நல்ல ஆசை அது. ஆயினும் படித்த கதைகளையே ஆதாரமாகக் கொண்டு புதிய கதை புனையும்போது, பழைய பிழைகளும் சேர்ந்தே வந்துவிடுகின்றன.

அவற்றுள் முதன்மையானது, கதை எந்த ஆண்டில், எந்த நிலப்பகுதியில் நடக்கிறது என்பதை முடிவு செய்யாமலே எழுதத் தொடங்குவதாகும். வன்மேற்கு என்பது ஆண்டும் எல்லையும் இல்லாத ஒரு கற்பனை உலகமன்று. மாடு மேய்க்கும் கௌபாயின் பொற்காலம் என்று நாம் நினைப்பது ஏறத்தாழ இருபது ஆண்டுகளே நீடித்தது. அமெரிக்க உள்நாட்டுப் போர் 1865-இல் முடிந்தபோது டெக்சஸில் விலை போகாத மாடுகள் லட்சக்கணக்கில் திரிந்தன. வடக்கு நகரங்களிலோ இறைச்சிக்கு நல்ல விலை இருந்தது. 1867-இல் கான்சஸ் மாநிலத்தின் அபிலீன் என்னும் சிற்றூரில், இரயில் பாதையை ஒட்டி, ஜோசப் மெக்காய் என்ற வணிகர் மாட்டுப் பட்டிகளை அமைத்தார். அதன் பிறகுதான் இரண்டாயிரம், மூவாயிரம் மாடுகள் கொண்ட மந்தைகளைப் பத்துப் பன்னிரண்டு பேர் சேர்ந்து, நாளொன்றுக்கு இருபது கிலோமீட்டர் அளவில், மாதக்கணக்கில் வடக்கே ஓட்டிச் செல்லும் வழக்கம் பெருகியது. 1874-இல் ஜோசப் கிளிடன் முள்கம்பிக்குக் காப்புரிமை பெற்றார். திறந்த புல்வெளிகள் ஒவ்வொன்றாக வேலிக்குள் போயின. 1886-87 குளிர்காலத்தில் பனியிலும் பட்டினியிலும் மாடுகள் கூட்டம் கூட்டமாக மடிந்தபோது அந்த வாழ்க்கைமுறையே முறிந்து போனது. எனவே 1885-இல் நடக்கும் கதையில் முள்கம்பி கண்ணிலேயே படாமல் இருப்பதும், 1860-இல் நடக்கும் கதையில் அது தென்படுவதும் ஒரே வகையான கவனக்குறைவுதான்.

இதை ஒட்டிய இன்னொரு தவறு, கௌபாய் என்றால் துப்பாக்கி வீரன் என்று கொள்வது. கௌபாய் ஒரு கூலித் தொழிலாளி. மாதம் முப்பது டாலரைச் சுற்றிய சம்பளத்துக்குப் புழுதியிலும் மழையிலும் குதிரை மேல் கிடந்தவன் அவன். அவனுடைய கலையும் கருவிகளும் மெக்சிகோ நாட்டு மாடு மேய்ப்பவர்களான வக்கேரோக்களிடமிருந்து வந்தவை. லாசோ (சுருக்குக் கயிறு), ரோடியோ (மாடு, குதிரை அடக்கும் போட்டி), ராஞ்ச் (கால்நடைப் பண்ணை) ஆகிய சொற்களின் வேர்கள் ஸ்பானிய மொழியில் இருக்கின்றன. நால்வரில் ஒருவர் கறுப்பினத்தவராக இருந்திருப்பார் என்பது வரலாற்றாளர்கள் பரவலாகச் சொல்லும் மதிப்பீடு. அப்படியிருக்க, மந்தையோடு செல்லும் பன்னிரண்டு பேரையும் வெள்ளையராகவே வரைந்து, மெக்சிகோக்காரனைக் கொள்ளைக்காரன் வேடத்துக்கு மட்டும் அழைப்பது அந்த உழைப்பாளிகளுக்குச் செய்யும் அநீதி என்றே நான் கருதுகிறேன்.

அடுத்தது நேருக்கு நேர் துப்பாக்கிச் சண்டை. நடுத்தெருவில் இருவர் எதிரெதிரே நின்று, யார் முதலில் உருவுகிறார்கள் என்று பார்க்கும் காட்சி இல்லாமல் கௌபாய் கதையா என்று கேட்கத் தோன்றும். 1865 ஜூலை 21 அன்று மிசௌரி மாநிலத்தின் ஸ்பிரிங்ஃபீல்டு நகரில் வைல்டு பில் ஹிக்காக், டேவிஸ் டட் என்ற இரு சூதாட்டக்காரர்கள் ஏறக்குறைய எழுபது மீட்டர் இடைவெளியில் நின்று அப்படிச் சுட்டுக்கொண்டது உண்மை. ஒரு பைக்கடியாரமும் சூதாட்டக் கடனும் அதற்குக் காரணமாயின. ஆனால் அத்தகைய சண்டை மிக அரிது. அரிது என்பதாலேயே அது பேசப்பட்டது. புகழ்பெற்ற ஓ.கே. கோரல் மோதலை எடுத்துக்கொள்வோம். 1881 அக்டோபர் 26 அன்று அரிசோனாவின் டூம்ஸ்டோன் நகரில் அது நடந்தது கோரல் என்னும் குதிரைப் பட்டிக்குள் அல்ல, அதற்கு அருகிலிருந்த ஒரு குறுகிய காலி மனையில். இரு தரப்பினரும் சில அடி தூரத்தில் நின்று, அரை நிமிடத்துக்குள் முப்பது குண்டுகள் அளவுக்குச் சுட்டுத் தீர்த்தார்கள், மூவர் இறந்தார்கள். நகருக்குள் ஆயுதம் தரித்துத் திரியக் கூடாது என்ற உள்ளூர்ச் சட்டத்தை மீறியவர்களிடமிருந்து துப்பாக்கிகளைப் பறிக்க நகரக் காவலர்கள் சென்றதுதான் மோதலின் உடனடிக் காரணம். கான்சஸின் டாட்ஜ் சிட்டி நகரிலும் அத்தகைய தடை இருந்தது. ஊருக்குள் நுழைபவன் துப்பாக்கியை ஒப்படைத்துவிட்டுப் போக வேண்டிய அந்தக் கணத்தில், எதிரி அதைப் பார்த்துக்கொண்டிருக்கும் அந்தப் பதற்றத்தில், எத்தனையோ கதைகள் எழுதப்படாமல் காத்திருக்கின்றன.

துப்பாக்கியை வரைவோர் 1873 என்ற ஆண்டை மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும். கௌபாயின் இடுப்பில் நாம் வழக்கமாகக் காணும் கோல்ட் ரிவால்வரும், வின்செஸ்டர் நீள்துப்பாக்கியின் மிகப் புகழ்பெற்ற மாதிரியும் அந்த ஆண்டுக்குரியவை. உள்நாட்டுப் போர்க் காலத்துக் கோல்ட் ரிவால்வரில் வெடிமருந்தையும் ஈயக் குண்டையும் ஒவ்வோர் அறையிலும் தனித்தனியே கெட்டித்து, பின்புறம் வெடிமூடி பொருத்த வேண்டும். ஆறு அறைகளையும் மீண்டும் நிரப்பச் சில நிமிடங்கள் பிடிக்கும். ஆகவே 1863-இல் நடக்கும் போர்க் காட்சியில் ஒரு வீரன் இடுப்புப் பட்டையிலிருந்து தோட்டாக்களை உருவிக் கோல்ட் ரிவால்வரில் நொடியில் நிரப்புவதாக வரைவது பிழை. அந்தக் காலத்துக் கருமருந்து அடர்ந்த வெண்புகையைக் கக்கும். மூடிய மதுக்கூடத்துக்குள் நான்கு குண்டுகள் வெடித்தால் எதிரிலிருப்பவன் முகமே தெரியாது. ஓவியர்கள் பலர் அந்தப் புகையை வரைவதே இல்லை. வரைந்தால் காட்சி கெடாது, கூடுதல் அச்சம் தரும்.

இவற்றையெல்லாம் விட என் மனத்தை அதிகம் உறுத்துவது செவ்விந்தியர் என்று நாம் சொல்லிப் பழகிய மக்களை ஒரே இனமாகக் காட்டும் தவறுதான். கூம்பு வடிவத் தோல் கூடாரமும், கழுகு இறகுகள் தொங்கும் நீண்ட தலையணியும் லகோட்டா, ஷயான் போன்ற சமவெளி மக்களுக்கு உரியவை. நவஹோ மக்கள் மரக்கட்டைகளாலும் மண்ணாலும் கட்டிய, வாசல் கிழக்கு நோக்கிய ஹோகன் என்னும் வீடுகளில் வாழ்ந்தார்கள். ஆடு வளர்த்தார்கள், சோளம் பயிரிட்டார்கள், கம்பளம் நெய்தார்கள். அப்பாச்சே மக்கள் கிளைகளை வளைத்துப் புல்லால் மூடிய குடில்களைக் கட்டினார்கள். உருவங்கள் செதுக்கிய உயர்ந்த மரத்தூண்கள் வடமேற்குக் கடற்கரையின் ஹைடா, டிலிங்கிட் மக்களுடையவை. இவை அனைத்தையும் அரிசோனாப் பாலைவனத்தில் ஒரே கிராமத்தில் நட்டுவைக்கும் ஓவியங்களை நான் மீண்டும் மீண்டும் காண்கிறேன். தமிழ் மக்களின் வீட்டையும் காஷ்மீரத்து உடையையும் நாகாலாந்தின் தலையணியையும் ஒருவருக்கே சூட்டி 'இந்தியர்' என்று எவரேனும் வரைந்தால் நமக்கு எப்படி இருக்கும்?

டெக்ஸ் ரசிகர்கள் அவசியம் அறிய வேண்டிய ஒரு செய்தி இதில் உண்டு. 1948-இல் இத்தாலியில் ஜியான் லூயிஜி பொனெல்லியும் ஓவியர் ஔரெலியோ கலெப்பினியும் உருவாக்கிய டெக்ஸ், நவஹோ மக்களின் தலைவன், 'இரவுக் கழுகு'. அந்த மக்களின் பெண்ணை மணந்தவன். அவனுடைய உயிர் நண்பனின் பெயர் கிட் கார்சன். அதே பெயருடைய வரலாற்று மனிதரோ 1863-64-இல் இராணுவ ஆணையின்படி நவஹோ மக்கள் மீது படை நடத்தியவர். அந்தப் படையெடுப்பில் பயிர்கள் எரிக்கப்பட்டன, கால்நடைகள் பறிக்கப்பட்டன, கேன்யன் டி ஷே பள்ளத்தாக்கின் பீச் தோட்டங்கள் வெட்டி வீழ்த்தப்பட்டன. எட்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நடத்திச் செல்லப்பட்டு, நியூ மெக்சிகோவின் போஸ்கே ரெடோண்டோவில் அடைத்து வைக்கப்பட்டனர். கார்சன் 1868 மே 23 அன்று இறந்தார். அதற்கு ஒன்பது நாட்களுக்குப் பின், ஜூன் 1 அன்று கையெழுத்தான ஒப்பந்தத்தால்தான் நவஹோ மக்கள் தம் மண்ணுக்குத் திரும்பினர். கதையின் கார்சனை நேசிப்பதை நான் குறை கூறவில்லை. நானும் அவரை நேசிக்கிறேன். ஆனால் இருவரும் ஒருவரே என்று நம்பி அறிமுகக் குறிப்புகள் எழுதுவது பெருந்தவறு.

லக்கி லூக் விஷயத்திலும் இதே கவனம் தேவை. மோரிஸ் 1946-இல் படைத்த அத்தொடரில் வரும் கொள்ளைக்காரர்களான நான்கு டால்டன்களும், உண்மையில் வாழ்ந்த டால்டன் சகோதரர்களின் கற்பனை உறவினர்கள். உண்மையான டால்டன் சகோதரர்கள் 1892 அக்டோபர் 5 அன்று கான்சஸின் காஃபிவில்லில் ஒரே நேரத்தில் இரண்டு வங்கிகளைக் கொள்ளையடிக்க முயன்று, ஊர் மக்களின் குண்டுகளுக்கு இரையானார்கள். எம்மெட் மட்டும் இருபதுக்கும் மேற்பட்ட காயங்களோடு உயிர் பிழைத்தார். மோரிஸ் அந்த உண்மையான கூட்டத்தைத் தம் தொடரில் முன்பே சாகடித்துவிட்டுத்தான் உறவினர்களைக் கொண்டுவந்தார்.

நிலக்காட்சியைப் பொறுத்தவரை சுருக்கமாகவே சொல்லலாம். கைகளை உயர்த்தி நிற்பது போன்ற சகுவாரோ கள்ளி சொனோரா பாலைவனத்துக்கே உரியது. அதை டெக்சஸில் வரையக் கூடாது. சிவந்த பாறைக் கோபுரங்கள் நிற்கும் மோன்யுமென்ட் வேலி அரிசோனா, யூட்டா எல்லையில் நவஹோ மண்ணில் இருக்கிறது. காற்றில் உருண்டோடும் முட்செடி, ருஷ்யப் பகுதியிலிருந்து வந்த விதைகளோடு 1870-களில்தான் அமெரிக்காவுக்குள் நுழைந்தது.

மொழிபெயர்ப்பில் ஷெரீஃப், மார்ஷல், ரேஞ்சர் மூன்றையும் 'போலீஸ் அதிகாரி' என்று எழுதிவிடும் பழக்கமும் கைவிடத்தக்கது. ஷெரீஃப் மாவட்ட மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுப்பவர். நகர மார்ஷலின் அதிகாரம் ஊர் எல்லையோடு நின்றுவிடும். கூட்டாட்சி மார்ஷல் வாஷிங்டன் அரசின் ஆள். டெக்சஸ் ரேஞ்சர்கள் அந்த மாநிலத்தின் படை. குற்றவாளி எல்லை தாண்டியதும் துரத்துபவன் ஏன் கடிவாளத்தை இழுத்து நிற்கிறான் என்பது இந்த வேறுபாடு தெரியாத வாசகருக்கு விளங்காது.

பழைய புகைப்படங்களைப் பார்த்து வரைவோருக்கு ஓர் எச்சரிக்கை. வன்மேற்கின் பெயர்பெற்ற குற்றவாளி பில்லி த கிட் இடக்கைப் பழக்கமுள்ளவன் என்ற நம்பிக்கை நெடுங்காலம் நிலவி, அப்படியே பல கதைகளிலும் புகுந்துவிட்டது. 1880 வாக்கில் எடுக்கப்பட்ட அவனுடைய தகரத்தட்டுப் புகைப்படத்தில் ரிவால்வர் இடப்பக்கம் தொங்குவதே அதற்குக் காரணம். தகரத்தட்டுப் படம் கண்ணாடிப் பிம்பத்தைப் போல இடவலமாகப் பதியும் என்பதை எவரும் எண்ணிப் பார்க்கவில்லை. அவன் பிடித்திருக்கும் வின்செஸ்டரில் தோட்டா நுழைக்கும் வாய், வலப்பக்கம் இருக்க வேண்டியது, படத்தில் இடப்பக்கம் இருப்பதைக் கவனித்த பிறகே உண்மை தெளிந்தது. அக்காலத் தகரத்தட்டுப் படம் எதுவாயினும் முதலில் துப்பாக்கியையும் சட்டைப் பொத்தான்களையும் பார்த்து, தேவையானால் படத்தைத் திருப்பி வைத்துக்கொண்ட பிறகே பென்சிலை எடுங்கள்.